சார் அக்காவுக்குக் குரல் கொடுத்தவர்கள்

மேடையில் ஜோக் சொல்கிற எனக்குத் திரையில் கிடைத்த முதல் மூன்று வாய்ப்புகளிலும் நான் நானாகவே நடித்தேன். "அப்போ ரொம்ப சுலபமா இருந்திருக்குமே" என்று கேட்பவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அடுத்தவராக நடித்துச் சொதப்பினால் பாத்திரம் பிடிபடவில்லை என்று சொல்லித் தப்பிக்கலாம். தானாக நடித்துச் சொதப்புகிறவள் எங்கே போய் முட்டிக்கொள்வாள்?

முதல் வாய்ப்பு ஒரு சினிமா. நாயகனும் நாயகியும் காபிக்கடையில் உட்கார்ந்து பிரிந்து போவதைப் பற்றிப் பேசுவார்கள். பின்னால் சின்ன மேடையில் ஒருத்தி மைக்கைப் பிடித்துக்கொண்டு ஜோக் சொல்வாள். அந்த ஒருத்தி நான். சத்தம் வந்தால் பிரிவு கெட்டுப்போகும் என்று வாயை மட்டும் அசைக்கச் சொன்னார்கள். படம் வந்தபோது நாயகியின் தலைமுடிக்குப் பின்னால் என் இடது கை மட்டும் தெரிந்தது. குறை சொல்லக் கூடாது, கை நன்றாகவே நடித்திருந்தது.

இரண்டாவது, தரை துடைக்கும் திரவத்துக்கு ஒரு விளம்பரம். "நீங்க வழக்கமா போடற டிரஸ்லயே வாங்க" என்றார்கள். போனேன். உடைப் பிரிவுக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "இது இவங்க போடற மாதிரியே இல்லையே" என்று சொல்லி, நான் வழக்கமாகப் போடுகிற மாதிரியான உடை ஒன்றைக் கொடுத்தார். அதில் தோள்பட்டைக்கு ஒன்றாக இரண்டு மஞ்சள் குஞ்சம் இருந்தது.

மூன்றாவதுதான் தொடர். அதைச் சொல்வதற்கு முன்னால் என் குரலைச் சொல்லியாக வேண்டும்.

என் குரல் என் அப்பாவுடையது. மூக்கும் நெற்றியும்கூட அவருடையதுதான் என்றாலும் அவற்றைப் பற்றி யாரும் பேசுவதில்லை. தடித்த, கரகரத்த, பக்கத்துத் தெருவுக்கும் சேர்த்துக் கேட்கிற குரல். அதை எனக்குக் கொடுத்துவிட்டு மனிதர் போய்ச் சேர்ந்து பன்னிரண்டு வருஷம் ஆகிறது. நான் துணி துவைக்கும் இயந்திரங்களைப் பழுது பார்க்கிற கம்பெனி ஒன்றில், புகார்களைப் போனில் வாங்கும் வேலையில் இருக்கிறேன். ஒரு நாளைக்கு அறுபது போன் வரும். அறுபது பேரும் என்னை 'சார்' என்பார்கள். ஆரம்பத்தில், "சார் இல்லீங்க, மேடம்" என்று திருத்திப் பார்த்தேன். "சரி சார், அந்த மேடத்தைக் கூப்பிடுங்க" என்றார்கள். விட்டுவிட்டேன்.

இதையே ஒருநாள் மேடையில் சொன்னேன். யாரோ எடுத்துப்போட்ட நாலு நிமிஷ வீடியோ ஊரெல்லாம் சுற்றியது. அன்றிலிருந்து பார்க்கிறவர்களுக்கெல்லாம் நான் 'சார் அக்கா'. பஸ்ஸில்கூட, "சார் அக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க" என்பார்கள். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. முப்பது வயது வரைக்கும் என்னை வீட்டு மூலையில் உட்கார்த்தி வைத்த குரல், முப்பத்தொன்றில் என்னை மேடையில் ஏற்றிவிட்டது.

அம்மாவுக்கு மட்டும் பெருமை இல்லை. அம்மா ஐந்து மாடி ஜவுளிக் கடையில் அறிவிப்புச் சொல்கிறவள். "நீலச் சட்டை போட்ட நாலு வயதுக் குழந்தை இரண்டாவது மாடியில் எங்களிடம் பத்திரமாக இருக்கிறது" என்று கூரையிலிருந்து ஒரு குரல் வருமே, அதுதான் அம்மா. அந்தக் குரலைக் கேட்டால் தொலையாத குழந்தைகூடத் தொலைந்து பார்க்கலாமா என்று யோசிக்கும். அப்பேர்ப்பட்ட தொண்டைக்காரியின் வயிற்றில் நான் பிறந்தேன். வீட்டுக்கு யாராவது வந்தால், "நீ சும்மா இரு, நான் பேசிக்கறேன்" என்பாள். நான் கடைக்குப் போனால் பின்னாலேயே வந்து அரைக் கிலோ சர்க்கரையை அவளே கேட்பாள். ஆறு வருஷமாக மேடை ஏறுகிறேன், ஒரு நிகழ்ச்சிக்கும் அவள் வந்ததில்லை. கூப்பிடும்போதெல்லாம் அவளுக்குக் கால் வலிக்கும். எந்தக் கால் என்பது மட்டும் மாறிக்கொண்டே இருக்கும்.

அதனால்தான் தொடர் என்றதும் ஒப்புக்கொண்டேன். வாராவாரம் சனிக்கிழமை சாயங்காலம் டிவியில் வரும். டிவி எங்கள் வீட்டுக் கூடத்தில் இருக்கிறது. டிவிக்கு எதிரில்தான் அம்மாவின் நாற்காலி. எந்தக் கால் வலித்தாலும் அவள் தப்பிக்க முடியாது. என் ஜோக்கை என் குரலில் ஒரு தடவையாவது அவள் கேட்டுச் சிரித்துவிட வேண்டும். எனக்கு வேண்டியது அவ்வளவுதான்.

இயக்குநர் ஒல்லியான மனிதர், காதில் எப்போதும் பென்சில் இருக்கும். "மேடம், நீங்க நடிக்கவே வேண்டாம். நீங்க நீங்களாவே இருங்க, போதும். தொடர் பேரே 'சார் அக்கா'தான்" என்றார். எங்கள் வீட்டுக்கு ஆள் அனுப்பி, மூலை முடுக்கெல்லாம் படம் எடுத்துக்கொண்டு போய் அதே மாதிரி செட் போட்டார்கள். எங்கள் வீட்டைவிட இரண்டு ஜன்னல் அதிகம். கதையில் அம்மா இல்லை. "உங்கம்மாவ வெளியூருக்கு அனுப்பிட்டோம் மேடம், வசனம் மிச்சம்" என்றார். வீட்டில் சொன்னேன். "எந்த ஊருக்காம்?" என்று அம்மா கேட்டாள். இரண்டு நாள் அதே கேள்வி.

படப்பிடிப்பில்தான் தெரிந்தது, நானாக இருப்பது எனக்குச் சுத்தமாக வரவில்லை. கேமராவுக்கு முன்னால் ஒரு கதவைத் திறக்கச் சொன்னால், நான் கதவை எப்படித் திறப்பேன் என்பது மறந்துபோனது. "மேடம், இன்னும் கொஞ்சம் நீங்களா" என்பார் இயக்குநர். கொஞ்சம் நானாகத் திறப்பேன். "இப்ப ரொம்ப நீங்களா ஆயிடுச்சு" என்பார். பதினோரு தடவை திறந்து பன்னிரண்டாவதில் கைப்பிடி கையோடு வந்துவிட்டது. அதைத்தான் வைத்துக்கொண்டார்கள்.

முதல் சனிக்கிழமை. பக்கத்து வீட்டு அக்கா, மாடி வீட்டுக்காரர், அவருடைய மாமியார் எல்லாரும் கூடத்தில். அம்மா தன் நாற்காலியில். பாட்டு முடிந்தது. திரையில் நான் வந்தேன், போனை எடுத்தேன், வாயைத் திறந்தேன்.

"வணக்கம், சொல்லுங்க" என்று தேன் ஒழுகியது.

என் வாயிலிருந்துதான். பதினெட்டு வயதுப் பெண்ணின் குரல், அதிகாலையில் குளித்துவிட்டு வந்து பேசுகிற குரல். போனின் மறுமுனையில் ஒருவர், "சார், மெஷின் நடந்து வந்து கதவுகிட்ட நிக்குது சார்" என்றார். நான் குழலாகக் குழைந்து, "நான் சார் இல்லீங்க" என்றேன். கூடத்தில் யாரும் சிரிக்கவில்லை.

"இவ்ளோ இனிமையா பேசற பொண்ண ஏன் சார்ங்கறான்?" என்றார் மாடி வீட்டு மாமியார்.

"மரியாதைதான்" என்றார் மருமகன்.

நான் திரும்பி அம்மாவைப் பார்த்தேன். அவள் கண்ணில் தண்ணீர். "எவ்ளோ நல்லா பேசியிருக்க" என்றாள்.

"அது நான் இல்லம்மா."

"உன் வாய்தான அசையுது?"

எனக்கு அழுகை வந்தது. சமையலறைக்குப் போய் அழுதேன். அழுகைச் சத்தமும் கரகரவென்றுதான் வந்தது.

இயக்குநருக்குப் போன் போட்டேன். எடுத்ததும், "சொல்லுங்க சார்" என்றார். வாய் தவறி வந்ததுதான், ஆனாலும் எனக்கு அது எரிகிற நெருப்பில் எண்ணெய் வார்த்தது போல இருந்தது.

"சேனல்ல சட்டம் மேடம். மெயின் ரோல் லேடீஸ்னா குயில் மேடம்தான் டப்பிங் பேசணும். பன்னெண்டு வருஷமா அப்படித்தான்."

"யோவ், தொடரே என் குரலைப் பத்தித்தானய்யா!"

"அதையும் சொல்லிப் பாத்தேன். குரல் நல்லா இருந்தா இன்னும் நல்லா ஓடும்னுட்டாங்க."

"அப்போ எல்லாரும் என்னை ஏன் சார்னு கூப்பிடறாங்க?"

"நீங்க கவலையேபடாதீங்க. நாலாவது வாரத்துலருந்து போன் பண்றவங்க எல்லாருக்கும் காது மந்தம்னு வசனம் போட்டுடறோம்."

ஒப்பந்தத்தை எடுத்துப் பார்த்தேன். ஒன்பதாம் பக்கத்தில், 'கலைஞர் தமது உருவத்தையும் அசைவுகளையும் வழங்குவார்' என்று இருந்தது. குரலைப் பற்றி மூச்சே இல்லை. கையெழுத்துப் போடும்போது நான் அதை 'அசைவுகள்' என்றால் நடனம் இருக்குமோ என்று பயந்தபடி படித்தது நினைவுக்கு வந்தது.

தொடர் ஓடியது. அதுதான் வயிற்றெரிச்சல். நன்றாகவே ஓடியது. காது மந்தமான ஜனங்கள் ஒரு நகரம் முழுக்க இருப்பதும், அவர்கள் எல்லாருடைய வீட்டிலும் துவைக்கும் இயந்திரம் கெட்டுப்போவதும், குயில் ஒன்று பொறுமையாகப் பதில் சொல்வதும் மக்களுக்குப் பிடித்துவிட்டது. ஐந்தாவது வாரம் என் மேடை நிகழ்ச்சிக்குக் கூட்டம் அள்ளியது. மேடை ஏறி, "எல்லாருக்கும் வணக்கம்" என்றேன். அரங்கம் கைதட்டியது. இரண்டு ஜோக் சொன்னேன். பலமான கைதட்டல். மூன்றாவது ஜோக்கில் முன்வரிசையில் ஓர் அம்மா எழுந்து நின்றார்.

"சூப்பர் மிமிக்ரிங்க. போதும், இப்ப உங்க சொந்தக் குரல்ல பேசுங்க."

சொந்தக் குரல்தான் என்று சொன்னேன். சிரித்தார்கள். சத்தியமாகச் சொன்னேன். இன்னும் சிரித்தார்கள். அன்று ராத்திரி சாப்பிட உட்கார்ந்தபோது எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

மறுநாளே லீவு போட்டுவிட்டு டப்பிங் ஸ்டுடியோவுக்குப் போனேன், அந்தக் குயிலின் கழுத்தைத் திருகுவதற்கு. கதவைத் திறந்தால் என் வயதில் ஒரு பெண், சாயம் போன சுடிதாரில், பிளாஸ்கிலிருந்து வெந்நீர் ஊற்றிக் குடித்துக்கொண்டிருந்தார். நான் யார் என்று சொன்னதும் முகமெல்லாம் மலர்ந்தது.

"உக்காருங்க, உக்காருங்க. சண்டை போடத்தான வந்தீங்க? இத்தனை வருஷத்துல என்னைத் தேடி வந்து யாருமே சண்டை போட்டதில்ல. பிஸ்கட் எடுத்துக்குங்க."

பிஸ்கட் வாயில் இருக்கும்போது சண்டையைத் தொடங்குவது கஷ்டம். அவர் பேசினார். வாரத்துக்கு எட்டுப் பேருக்குக் குரல் கொடுக்கிறார். ஒரு தொடரில் அக்காவும் தங்கையும் அவர்தான். போன மாதம் சொத்துத் தகராறில் தன்னைத் தானே அறைந்து, தானே அழுது, தன்னிடமே மன்னிப்புக் கேட்டிருக்கிறார். காதில் மாட்டுகிற ஹெட்ஃபோனை எடுத்துக் காட்டினார். படப்பிடிப்பில் நாங்கள் பேசியது அப்படியே பதிவாகி இருக்கும், அதற்குப் பைலட் என்று பெயர். அதைக் காதில் கேட்டுக்கொண்டே, திரையில் உதட்டைப் பார்த்துக்கொண்டே பேச வேண்டும்.

"எட்டுப் பேர்ல உங்களுக்குப் பேசறதுதான் எனக்கு உயிர் போகுது. அடுத்தவங்க முடிக்கறதுக்குள்ள நீங்க ஆரம்பிச்சுடறீங்க. மூச்சு எங்க வாங்கறீங்கன்னே தெரியல. ஆனா ஒண்ணு சொல்லவா? உங்க பைலட்டக் கேட்டு நான் சிரிச்சு சிரிச்சு நாலு டேக் வீணாப் போச்சு. நான் பேசினதக் கேட்டு யாருக்கும் சிரிப்பு வரல. எனக்கே வரல."

கழுத்தைத் திருகவில்லை. பிஸ்கட் பாக்கெட் காலியான பிறகு கிளம்பினேன். என் ஜோக்குக்கு என் குரலில் சிரிக்கிற ஒரே ஆள், அந்தக் குரலை அழிப்பதற்கென்று அமர்த்தப்பட்டவர். இதை யாரிடம் போய்ச் சொல்வது?

அம்மாவிடம் சொல்லிப் பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை, அவள் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அம்மா, உண்மையைச் சொல்லு. என் குரலு உனக்கு அவ்ளோ கேவலமா இருக்கா?"

"யார்டி கேவலம்னா? எல்லாரும் நல்லா இருக்குன்னு சொல்றப்ப எதுக்கு இத நோண்டற? கடையில என்கூட வேலை பாக்கறவங்கள்லாம், உங்க பொண்ணுக்கு உங்க குரலு அப்படியே வந்திருக்குங்கறாங்க. நான் ஆமான்னுட்டேன்."

"ஆமான்னுட்டியா?"

"பின்ன, வீடு வீடாப் போயி விளக்கம் சொல்லச் சொல்றியா?" என்று சொல்லிவிட்டு, காயை முன்னைவிடச் சின்னதாக நறுக்கினாள்.

பதினோரு வாரம் இப்படியே போனது. கடைசி வாரத்தில் குயிலின் தொண்டை கட்டிக்கொண்டது. எட்டுப் பேருக்குப் பேசினால் கட்டாமல் என்ன செய்யும்? சனிக்கிழமை சாயங்காலம் ஒளிபரப்பு, அன்று மதியத்துக்குள் சேனலுக்குப் பதிவு போய்ச் சேர வேண்டும். வெள்ளிக்கிழமை காலையில் இயக்குநர் என் எண்ணுக்குப் போன் போட்டார். நான் குளித்துக்கொண்டிருந்தேன். அம்மா எடுத்தாள்.

"சொல்லுங்க" என்றாள்.

"அப்பாடா, தொண்டை சரியாயிடுச்சா குயில் மேடம்! நீங்க எப்படி இவங்க நம்பர்ல?"

நான் தலையில் துண்டோடு வெளியே வருவதற்குள் எல்லாம் முடிந்திருந்தது. அம்மா பேசுவதை ஐந்து நிமிஷம் கேட்டவர், குயிலுக்கும் அம்மாவுக்கும் குரலில் நூலளவுதான் வித்தியாசம் என்று முடிவு கட்டிவிட்டார். நான் போனைப் பிடுங்கி, "நான் இருக்கேனே! நானே பேசறேன்!" என்று கத்தினேன். "மேடம், பதினோரு வாரம் ஒரு குரல்ல பேசிட்டு பன்னெண்டாவது வாரம் வேற யாரோ பேசினா ஜனங்க ஒத்துப்பாங்களா?" என்றார். வேற யாரோ என்று அவர் சொன்னது என்னை.

சனிக்கிழமை காலை அம்மா கடைக்கு லீவு சொல்லிவிட்டு, இஸ்திரி போட்ட சேலையில், இரண்டு காலும் வலிக்காமல் ஸ்டுடியோவுக்கு வந்தாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள், மைக் முன்னால். இந்தப் பக்கம் நான், இயக்குநர், ஒலிப்பதிவாளர். என் கதையை, நான் நடித்ததை, என் அம்மா பேசப் போகிறாள், நான் வேடிக்கை பார்க்கப் போகிறேன். எனக்கு உள்ளுக்குள் ஒரு சின்ன ஆசை, உதடு பொருந்தாமல் திணறி, ஐயோ முடியவில்லை என்று வெளியே வந்துவிடுவாள் என்று. அனுபவமுள்ள குயிலே திணறிய வாய் அல்லவா?

முதல் காட்சி ஓடியது. அம்மா வாயைத் திறந்தாள். அச்சுப் பிசகாமல் உட்கார்ந்தது. நான் குறுக்கே பேசும் இடத்தில் குறுக்கே பேசினாள், மூச்சு வாங்கும் இடத்தில் மூச்சு வாங்கினாள். ஒலிப்பதிவாளர் திரையைப் பார்ப்பதை விட்டுவிட்டு அம்மாவைப் பார்த்தார். "அம்மா, இதுக்கு முன்னாடி டப்பிங் பேசியிருக்கீங்களா?"

"இல்ல தம்பி. இவ வாயத் திறக்கப் போறான்னா எனக்கு முன்னாடியே தெரியும். முப்பத்தேழு வருஷமா அதத்தான பாத்துட்டிருக்கேன், எங்க பேசிடுவாளோன்னு" என்றாள் அம்மா.

ஒன்பது காட்சிகள், ஒன்பதும் முதல் டேக்கில். மிச்சம் ஒன்றுதான், கடைசிக் காட்சி. அதில் நான் மேடையில் நிற்கிறேன். இரண்டு மாதம் முன்னால் நிஜமான அரங்கம் ஒன்றில், நிஜமான கூட்டத்தை உட்கார வைத்து எடுத்தது. அன்று நான் மூன்று கதை சொன்னேன். அதில் எதை வைத்துக்கொண்டார்கள் என்று என்னிடம் யாரும் சொல்லவில்லை. திரையில் அந்த நான், "எனக்கு ஒரு வரன் வந்துச்சு" என்று ஆரம்பித்ததும் நான் இயக்குநரின் தோளைத் தட்டினேன்.

"இதுக்கு வேற ஆள் பாத்துக்கலாம்" என்றேன்.

"எந்த ஆள்? மணி பத்தரை" என்றார் இயக்குநர்.

அம்மா ஹெட்ஃபோனை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். அவள் காதுக்குள் பைலட் ஓடியது. அதாவது நான். எங்கள் பக்கத்து ஸ்பீக்கரிலும் நான்தான்.

"மாப்ள வீட்டுலருந்து போன். நான் எடுத்தா கதை முடிஞ்சுதுன்னு எங்கம்மா எடுத்தாங்க. எடுத்து, 'நான்தாங்க பொண்ணு பேசறேன்'னுட்டாங்க! மூணு வாரம்! மூணு வாரம் அந்தப் பையன் எங்கம்மாகிட்ட மனசவிட்டுப் பேசியிருக்கான். உங்களுக்கு என்ன கலர் பிடிக்கும்னு கேட்டிருக்கான். எங்கம்மாவுக்கு ஊதா பிடிக்கும். நேர்ல வர்றான், ஊதாச் சட்டையில! நான் வாசல்ல நின்னு, 'வாங்க, உக்காருங்க'ன்னேன். அவன் என்னைத் தாண்டி வீட்டுக்குள்ள எட்டிப் பாக்கறான். எந்த மாமா கூப்பிட்டாருன்னு!"

அரங்கம் வெடித்துச் சிரித்தது. திரையில் நான் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தேன். பிறகு சொன்னேன்.

"அவன் வேண்டாம்னு போனான், போகட்டும். எனக்கு அதுல ஒண்ணும் இல்ல. அவன் வேண்டாம்னு சொல்றதுக்கு மூணு வாரம் முன்னாடியே எங்கம்மா சொல்லிட்டாங்களே, அதான்."

அந்த இடத்தில் வழக்கமாக அரங்கம் கைதட்டும். அன்றும் தட்டியது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அம்மா வாயைத் திறக்கவே இல்லை.

"அம்மா, விட்டுட்டீங்க. மறுபடி போடறேன்" என்றார் ஒலிப்பதிவாளர். மறுபடி போட்டார். அம்மா பேசவில்லை. மூன்றாவது தடவை போட்டபோது மைக்கில் அவள் குரல் வந்தது.

"மூணு வாரம் இல்ல. ரெண்டு வாரம்."

"அம்மா, அது வசனம்மா. அப்படியே சொல்லணும்."

"ரெண்டு வாரம்தான்" என்றாள். ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்தாள். கதவைத் திறந்துகொண்டு எங்கள் பக்கம் வந்து, நாற்காலியில் உட்கார்ந்தாள். என்னைப் பார்க்கவில்லை. இயக்குநரைப் பார்த்து, மணி அடித்தாற்போல, ஐந்து மாடிக்கும் கேட்கிற தெளிவோடு சொன்னாள்:

"எனக்குத் தொண்டை கட்டிடுச்சு தம்பி."

இயக்குநர் காதிலிருந்த பென்சிலைக் கையில் எடுத்தார். "அம்மா, நல்லாத்தான பேசறீங்க?"

"எங்க பேசறேன்? பேச்சே வரல."

"இப்ப வந்துச்சேம்மா!"

"இது வேற. மைக்குக்குப் பேசற தொண்டை கட்டிடுச்சு. சுத்தமா வரல. ஒரு எழுத்துகூட வரமாட்டேங்குது. வெந்நீர் குடிச்சாலும் சரியாகாது, நாளைக்குத்தான் ஆகும்னு நினைக்கறேன்" என்று அந்தப் பேச்சு வராத அம்மா விடாமல் கால் மணி நேரம் பேசினாள். வெந்நீர் கொண்டுவந்து கொடுத்தார்கள். குடித்துவிட்டு, "சூடு நல்லா இருக்கு. பேச்சுதான் வரல" என்றாள்.

இயக்குநர் என்னிடம் வந்தார். "மேடம், நீங்களாவது சொல்லுங்களேன்."

"எனக்கு என்ன தெரியும்? நான் வேற யாரோதான" என்றேன்.

மணி பதினொன்றரை. ஒலிப்பதிவாளர்தான் தலையைச் சொறிந்துகொண்டே சொன்னார். "சார், அந்த சீன் அரங்கத்து மைக்குல எடுத்தது. பைலட்டே சுத்தமா இருக்கு. அப்படியே போட்டாத்தான் என்ன?" இயக்குநர் சேனலுக்குப் போன் போட்டார். அந்தப் பக்கம் யாரோ, "எதையாவது போட்டுத் தொலைங்க, பன்னெண்டு மணிக்கு இங்க இருக்கணும்" என்று கத்தியது எங்களுக்கே கேட்டது.

ஆக, பன்னிரண்டு வாரத் தொடரில் கடைசி நாலு நிமிஷம் நான் நானாக நடித்திருக்கிறேன்.

பஸ் நிறுத்தத்துக்கு நடந்தோம். அம்மா இரண்டு தடவை செருமினாள். நிஜமாகவே தொண்டை கட்டிவிட்டதோ என்று நினைத்தேன். நல்ல வெயில். வரிசையில் ஏழெட்டுப் பேர் நின்றார்கள்.

"அந்தக் கதையை எத்தனை தடவை மேடையில சொல்லியிருக்க?" என்றாள்.

"நூத்தி இருவது இருக்கும்."

"ஒவ்வொரு தடவையும் அந்தக் கடைசி வரியோடயா?"

"ஆமா. அதுக்குத்தான் கை தட்டுவாங்க."

அம்மா தலையாட்டினாள். சேலைத் தலைப்பை ஒரு தடவை சரிசெய்தாள்.

"எங்கிட்ட ஒரு தடவை சொல்லியிருக்கலாம்."

கூட்டத்தில் யாராவது குறுக்கே பேசினால் அரை நொடியில் பதில் கொடுக்கிறவள் நான். அதற்குப் பெயர் போனவள். அங்கே அவள் கேட்டதை மட்டும் செய்தேன். பஸ் நிறுத்தத்தில் நின்றுகொண்டு, "அவன் வேண்டாம்னு சொல்றதுக்கு முன்னாடியே நீ சொல்லிட்டியேம்மா" என்றேன். மெதுவாகச் சொல்லத்தான் நினைத்தேன், என் குரலுக்கு மெதுவாக என்று ஒன்று கிடையாது. வரிசையில் நின்ற அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். அம்மா அவர்கள் யாரையும் பார்க்கவில்லை. என் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தப்புதான்" என்றாள். "ஆனா ரெண்டு வாரம்தான்."